இருளப்பன் வீட்டு இலக்கணப் புத்தகம்

இங்கிலீஷ் இலக்கணம் என்றால் எனக்கு இன்றைக்கும் ஆகாது. மற்ற பாடமெல்லாம் தேறி, இங்கிலீஷில் மட்டும் கோட்டை விட்டு, மறுபடியும் எழுதி மறுபடியும் கோட்டை விட்டவன் நான். "போதும் உன்ற படிப்பு" என்று அப்பா என்னை மஞ்சூர் ரோட்டு மளிகைக் கடையில் கொண்டுவந்து உட்கார வைத்தார். உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை.

எல்லாவற்றுக்கும் காரணம் ஒரு புத்தகம். கெட்டி அட்டை, செங்கல் கனம், அட்டையில் வெள்ளைக்காரப் பேர். வாத்தியார் அதைத் தூக்கிக்கொண்டு வகுப்புக்குள் நுழைந்தாலே நான் கடைசி பெஞ்சுக்கு நகர்ந்துவிடுவேன். வெள்ளைக்காரன் கப்பல் ஏறிப் போனான். எஸ்டேட்டுகள் கை மாறின. பள்ளிக்கூடத்துப் பாடப் புத்தகங்கள் எத்தனையோ முறை மாறின. இது மட்டும் அசையவில்லை. ஊட்டியிலோ குன்னூரிலோ எந்த இங்கிலீஷ் வாத்தியாரைக் கேட்டாலும், "அதுல இருக்கற பயிற்சியெல்லாம் ஒரு தடவை ஒழுங்காப் போட்டாப் போதும்" என்பார். அது உண்மை என்பதுதான் என் எரிச்சல். அப்பன் படித்த புத்தகத்தை மகன் படிக்கலாம், பேரனும் படிக்கலாம். நான்தான் படிக்கவில்லை.

அந்தப் புத்தகத்தைப் பெற்ற பிள்ளையைப் போல வைத்திருந்த ஒருவரை எனக்குத் தெரியும். பேர் இருளப்பன். இங்கிலீஷில் ஓர் எழுத்துக்கூட அவருக்குத் தெரியாது.

இருளப்பனும் அவர் மனைவி கருப்பம்மாவும் எங்கள் பக்கம் வந்தது எழுபத்து மூன்றில். சிலோன் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்கள். இரண்டு சர்க்காரும் பேசி ஜனங்களைப் பங்கு போட்டுக்கொண்டபோது இந்தியாவின் பங்கில் விழுந்தவர்கள். சொந்த ஊர் திருநெல்வேலிப் பக்கம் என்று பாஸ்போர்ட்டில் இருந்ததாம். அந்த ஊரை இருளப்பன் கண்ணால் பார்த்ததில்லை. கப்பலில் வந்தவர்களைத் தங்க வைத்திருந்த மண்டபம் முகாமிலிருந்து வெளியே வந்ததும், தேயிலை எங்கே இருக்கிறது என்று கேட்டுக் கேட்டு மலை ஏறி வந்துவிட்டார். எங்கள் கடைக்கு மேலே இருக்கும் எஸ்டேட்டில் புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் வேலை கிடைத்தது. அவர் கவ்வாத்துக்கு, அதாவது வயதான தேயிலைச் செடியை வெட்டிவிடும் வேலைக்கு. கருப்பம்மா கொழுந்து பறிக்க.

என்னை அவர் "மொதலாளி" என்றுதான் கூப்பிடுவார். சிலோனில் கடைக்காரரை அப்படித்தான் சொல்வார்களாம். எனக்கு என்ன வலிக்கவா போகிறது? என் வீட்டில் உட்பட வேறு யாரும் என்னை அந்த அளவுக்கு மதித்ததில்லை.

வந்த புதிதில் ஒருநாள், பிளாஸ்டிக் தாளில் சுற்றிய ஒரு கட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தார்.

"மொதலாளி, அட்டை போடத் தடிச்ச தாள் இருக்குங்களா?"

பிரித்துப் பார்த்தேன். பழைய பகையாளி. இத்தனை தூரம் கடல் தாண்டியும் என்னைத் தேடி வந்திருக்கிறது.

"ஏனுங்கண்ணா, ஊட்டுல யாரு படிக்கறாங்க?" என்று கேட்டுவிட்டேன்.

அவர் புத்தகத்தை மறுபடி பிளாஸ்டிக்கில் சுற்றினார். தாளை வாங்கிக்கொண்டு போய்விட்டார். நான் ஒரு ஓட்டைவாய். கூட நின்றிருந்த இன்னொரு சிலோன்காரர்தான், "அந்தப் பேச்ச எடுக்காதீங்க மொதலாளி" என்றார். மீதியை இருளப்பனே பின்னால், ஒவ்வொரு மழைக்காலத்தில் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார்.

ஒரே மகள். பாலாமணி. தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் படிப்பு முடிந்ததும் டவுன் பள்ளிக்கூடத்துக்கு நடந்து போய்ப் படித்தாள். அந்த லயத்திலிருந்து அப்படிப் போன முதல் பெண் அவள். லயம் என்றால் தோட்டத்து ஜனங்கள் குடியிருக்கும் வரிசை வீடு. லயத்துப் பிள்ளைகளுக்குச் சொந்தப் புத்தகம் என்று ஒன்று கிடையாது. எங்கிருந்தாவது ஒரு புத்தகம் வந்து சேர்ந்தால் அது லயத்துக்கே பொது. ஒரு பிள்ளை படித்துவிட்டு அடுத்த பிள்ளைக்குக் கொடுக்க வேண்டும். அதற்கென்று அவர்களுக்குள் ஒழுங்கு உண்டு. புத்தகத்தில் பேர் எழுதக் கூடாது. பேனா படக் கூடாது. பயிற்சிகளைப் பென்சிலில் போட்டுக்கொள்ளலாம். திருப்பிக் கொடுக்கும்போது உள்ளே என்ன எழுதியிருந்தாலும் முழுக்க அழித்து, துகளை ஊதிவிட்டு, புதுப் புத்தகம் போலக் கொடுக்க வேண்டும். அழிக்காமல் கொடுப்பது, சாப்பிட்ட தட்டைக் கழுவாமல் திருப்பித் தருகிற மாதிரி. பிள்ளையை விட்டுவிட்டு, வளர்த்த தாயைத்தான் ஏசுவார்கள்.

பாலாமணி கைக்கு அந்த இலக்கணப் புத்தகம் அப்படித்தான் வந்தது. அதைப் பயிற்சி பயிற்சியாகப் போட்டுக்கொண்டே வந்தாள். அதற்குள் பயணத் தேதி வந்துவிட்டது. லயத்தில் கொடுத்துவிட்டு வந்திருக்க வேண்டும். ஆனால் வாங்கிக்கொள்ள வேண்டிய பிள்ளையின் குடும்பம் முந்தியே கப்பல் ஏறிவிட்டதால், புத்தகம் இவர்களோடு தகரப் பெட்டியில் வந்தது. மண்டபத்தில் காத்திருந்த நாளெல்லாம் அவள் பெட்டிமேல் புத்தகத்தை வைத்து எழுதிக்கொண்டே இருந்தாளாம். இந்தியாவில் பெரிய பெரிய பள்ளிக்கூடம் இருக்கும், போனதும் பரீட்சை வைத்துத்தான் சேர்ப்பார்கள் என்று யாரோ சொல்லியிருந்தார்கள்.

மலைக்குளிரில் வளர்ந்த பிள்ளைக்கு அந்த வெயிலும் உப்புத் தண்ணீரும் ஒத்துக்கொள்ளவில்லை. காய்ச்சல் வந்தது. இறங்கியது, மறுபடி ஏறியது. அங்கேயே கடற்கரை மணலில் புதைத்துவிட்டு வந்தார்கள். உடுத்திய துணிமணியும் அவளோடு போயிற்று. படம் என்று ஒன்று எடுத்ததில்லை. மலை ஏறி வந்து பெட்டியைத் திறந்தால், அடியில் இந்தப் புத்தகம். பாதிவரைக்கும் பாலாமணியின் பென்சில் எழுத்து.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் அவள் பேரைச் சொல்வதில்லை. சொன்னால் இரண்டு பேரும் உடைந்துபோவார்கள். அதனால் அக்கம்பக்கத்தாரும் சொல்வதில்லை. பின்னால் வந்து குடியேறியவர்களுக்கு அப்படி ஒரு பெண் இருந்ததே தெரியாது. ஞாயிற்றுக்கிழமை வேலை இல்லாத நாளில் கதவைச் சாத்திக்கொண்டு புத்தகத்தை எடுத்து நடுவில் வைத்துக்கொள்வார்கள். ஒருமுறை அரிசி கொண்டுபோனபோது நானே பார்த்தேன். கருப்பம்மா ஒவ்வொரு எழுத்தின் கீழும் விரலை வைத்து மெதுவாக நகர்த்திக்கொண்டு போனார். "இது அவசரத்துல எழுதினது" என்றார் இருளப்பன். "இங்கிட்டுப் பாருங்க மொதலாளி, வரி கீழ எறங்குது. தூக்கம் வந்திருச்சு புள்ளைக்கு."

எனக்கு அந்தப் புத்தகத்தின் மேல் இருந்த கோபம் அன்றைக்கு எங்கே போயிற்றோ தெரியவில்லை.  அரிசியை இறக்கிவைத்துவிட்டு வந்துவிட்டேன்.

எண்பதில் அன்னக்கிளி என்று ஒரு பெண், அதே எஸ்டேட்டிலிருந்து மஞ்சூர் பள்ளிக்கூடத்தில் பத்தாவது படித்துக்கொண்டிருந்தாள். இவர்களும் சிலோன்காரர்கள்தான், வேறு தோட்டம், பிந்தி வந்தவர்கள். அப்பா இல்லை. அம்மா கொழுந்து பறிக்கிறவர். அரைப் பரீட்சையில் அன்னக்கிளி எல்லாவற்றிலும் நல்ல மார்க், இங்கிலீஷில் மட்டும் என் ஜாதி. முழுப் பரீட்சையில் தவறினால் கூடையை மாட்டிக்கொண்டு மலைக்குப் போக வேண்டியதுதான் என்று அம்மா சொல்லிவிட்டார். பாவம், அவரைக் குறை சொல்ல முடியாது. இங்கிலீஷ் வாத்தியார் லிங்கசாமி அந்தப் புத்தகத்தைத் தேடிப் படி என்று சொன்னார். பள்ளிக்கூடத்துப் பிரதி எப்போதோ காணாமல் போயிருந்தது. குன்னூர்க் கடையில், வந்தால் சொல்கிறோம் என்றார்கள். யாரோ, இருளப்பன் வீட்டில் ஒன்று இருக்கிறது என்று சொல்லிவிட்டார்கள்.

போய்க் கேட்டாள். கருப்பம்மா வாசலிலேயே மறித்துவிட்டார்.

"அது எங்க புள்ள படிக்கிற பொஸ்தகம்."

உள்ளே பிள்ளை யாரும் இல்லையே என்று அன்னக்கிளிக்குக் குழப்பம். திரும்பி வந்துவிட்டாள்.

அன்று வேலை விட்டதும் இருளப்பன் கடைக்கு வந்தார். பீடி வாங்கவில்லை, வெற்றிலை வாங்கவில்லை. பெஞ்சில் உட்கார்ந்து ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மொதலாளி, அந்தப் பொஸ்தகத்தப் படிச்சா நெசமாவே பாஸ் பண்ணிரலாமா?"

"படிக்காததாலதானுங்கண்ணா நான் இங்க உக்காந்து பருப்பு நிறுத்துட்டு இருக்கறேன்."

லேசாகச் சிரித்தார். எழுந்து வேட்டியை உதறிக்கொண்டே, என்னிடம் சொல்வது போலத் தனக்கே சொல்லிக்கொண்டார். "அது லயத்துப் பொஸ்தகம். படிக்கிற புள்ள வந்து கேட்டா இல்லன்னு சொல்ல நமக்கு என்னா உரிமை இருக்கு?"

வீட்டில் அன்றைக்குச் சண்டை. கருப்பம்மா சாப்பிடவில்லை. "பரிட்ச முடிவு வந்த கையோட திரும்பி வந்துரும். ஒண்ணும் ஆவாது. நான் பொறுப்பு" என்று இருளப்பன் சத்தியம் செய்யாத குறை. மறுநாள் புத்தகத்தை அவரே கொண்டுபோய் அன்னக்கிளியிடம் கொடுத்தார். நனைக்காதே என்றார். மூலையை மடிக்காதே என்றார். அடுப்புப் பக்கம் வைக்காதே, எண்ணெய்க் கையோடு தொடாதே, யாருக்கும் இரவல் கொடுக்காதே என்றார். உள்ளே இருக்கும் எழுத்தைப் பற்றி மட்டும் ஒன்றும் சொல்லவில்லை. மறைத்தார் என்றில்லை. அதைச் சொல்ல வேண்டும் என்றே அவருக்குத் தோன்றவில்லை. மற்றவர்கள் கண்ணுக்கு அது பென்சிலில் போட்ட பயிற்சி. அவருக்கு அது மகள்.

அந்த மாதங்களில் கருப்பம்மா பட்ட பாட்டை நான் பார்த்தேன். கடைக்கு வருகிற சாக்கில் அன்னக்கிளி வீட்டைச் சுற்றிக்கொண்டு வருவார். புத்தகம் இருக்கிறதா, பத்திரமாக இருக்கிறதா என்று ஜன்னல் வழியாக ஒரு பார்வை. ஒருநாள் சர்க்கரை வாங்க வந்தவர், "அந்தப் புள்ளையும் நாக்கக் கடிச்சுக்கிட்டுத்தான் எழுதுது" என்றார். முகத்தில் கோபம் இல்லை. அதற்கப்புறம் ஜன்னலில் எட்டிப் பார்ப்பதைக் குறைத்துக்கொண்டார்.

பரீட்சை முடிவு பேப்பரில் வந்தது. பஸ்ஸில் பேப்பர் கட்டு வந்து இறங்கியதும் அன்னக்கிளி கடை வாசலில் நின்றாள். பேப்பரை என்னிடம் நீட்டிவிட்டுத் திரும்பி நின்றுகொண்டாள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நம்பரைத் தேடியவன் நான்தான். இருந்தது. எனக்கு வந்த சந்தோஷத்தில் பேப்பரையே கிழித்துவிட்டேன். நான் தோற்ற இடத்தில் அவள் ஜெயித்துவிட்டாள், விடுவேனா? கடையில் நின்றவர்களுக்கெல்லாம் ஆரஞ்சு மிட்டாய் கொடுத்தேன்.

அன்றே அவள் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்கவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமைதான் கொண்டுவந்தாள். புது அட்டை போட்டு, கூட ஒரு பொட்டலம் கற்கண்டும் வாங்கிக்கொண்டாள். நானும் அந்தப் பக்கம் அரிசி கொண்டுபோக வேண்டியிருந்ததால் சேர்ந்து ஏறினோம்.

கருப்பம்மா கையைச் சேலையில் நன்றாகத் துடைத்துக்கொண்டு புத்தகத்தை வாங்கினார். கற்கண்டை ஓரமாக வைத்தார். கீழே உட்கார்ந்து மடியில் வைத்துப் பிரித்தார். ஒரு பக்கம் புரட்டினார். இன்னொரு பக்கம். நடுவில் பிரித்தார். மறுபடி முதலிலிருந்து வந்தார். அவர் விரல் போய் நிற்க ஓர் இடம் இல்லாமல் தாளின் மேலேயே அலைந்தது.

அன்னக்கிளிக்குப் பெருமை தாங்கவில்லை.

"எல்லாம் அழிச்சிட்டேன் அத்தை. ஒரு பக்கம் விடல. அதுக்குத்தான் இத்தன நாளாச்சு. தாள் கிழிஞ்சிரக் கூடாதுன்னு மெல்ல மெல்லத்தான் அழிச்சேன். அழிரப்பரே தேஞ்சுபோச்சு. அம்மா கூட வந்து பாத்துட்டு, இப்பத்தான் குடுக்கிற மாதிரி இருக்குன்னாங்க."

இருளப்பன் கதவுப் பக்கம் நின்றிருந்தார். நிலையைப் பிடித்துக்கொண்டதைப் பார்த்தேன். என் தலையில் இருந்த அரிசி மூட்டையை இறக்க வேண்டும் என்பதுகூட எனக்கு மறந்துபோனது.

"முந்தி யாரோ பாதிவரைக்கும் போட்டிருந்தாங்க மாமா" என்று அவள் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டே போனாள். "நான் தனியா ஒரு தாள்ல போட்டுட்டு, அத வச்சுத்தான் சரி பாப்பேன். ஒரு எடத்துலகூட அவங்க தப்பா எழுதல. மிச்சப் பாதிய நானே அதுல போட்டேன். அவங்க இல்லாட்டி நான் பாஸ் பண்ணியிருக்கவே மாட்டேன். அது யாரு மாமா?"

மழைக்கு முந்தின புழுக்கமாக இருந்தது உள்ளே. கருப்பம்மா நிமிர்ந்து புருஷனைப் பார்த்தார். அவர் பார்வையைத் திருப்பிக்கொண்டார்.

"தெரியல புள்ள" என்றார். "எங்க கைக்கு வரும்போதே இருந்திச்சு."

கருப்பம்மா புத்தகத்தை மூடினார். எழுந்து போய் எங்கள் இரண்டு பேருக்கும் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்தார். அப்போதுதான் நான் மூட்டையை இறக்கிவைத்தேன். அதில் சீனி இல்லை. அன்னக்கிளியும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. "நல்லா வரணும் புள்ள" என்று அவள் கன்னத்தைத் தொட்டு அனுப்பிவைத்தார். அந்தக் கை எப்படி அந்த நேரத்தில் அவளிடம் நீண்டது என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. என்னால் முடிந்திருக்காது.

அவள் படி இறங்கி மறைந்த பிறகு கருப்பம்மா சத்தம் போடவில்லை. மெதுவாகத்தான் சொன்னார்.

"நாம பெத்தத, கைக்கு வரும்போதே இருந்திச்சுன்னு சொல்லிப்புட்டீங்களே."

"அந்தப் புள்ள பாஸ் பண்ணிட்டு வந்து நிக்குது, கருப்பம்மா. ஆசையா அழிச்சுக் குடுத்திருக்கு. அதுகிட்டப் போயி என்னான்னு சொல்ல?"

"சொல்ல வேணாம். நானும் சொல்ல மாட்டேன்." அடுப்பைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். "எனக்கு அவ மூஞ்சியே மறந்துக்கிட்டு வருதுங்க. அந்தக் கையெழுத்துதான் இருந்திச்சு."

இருளப்பன் வெளியே வந்து கல்மேல் உட்கார்ந்தார். நான் டம்ளரை வைத்துவிட்டு, சொல்லிக்கொள்ளாமல் இறங்கி வந்தேன். யார் மேல் கோபப்படுவது என்று தெரியாத கோபம் ஒன்று உண்டு. அன்றைக்குக் கடைக்கு வந்தவர்களிடமெல்லாம் அதைக் காட்டினேன்.

அன்னக்கிளி பிற்பாடு ஆசிரியர் பயிற்சிக்குப் போனாள். வேலையும் கிடைத்து இந்த மலையை விட்டே போய்விட்டாள். எப்போதாவது வருவாள். அவளுக்கு இது தெரியாது. அவர்கள் இரண்டு பேரும் சொல்லாததை நான் சொல்லப்போவதில்லை. பேரை மாற்றித்தான் எழுதுகிறேன்.

அவள் புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்த மறுநாள், திங்கட்கிழமை. கடை திறந்துகொண்டிருந்தேன். வேலைக்குப் போகிற கோலத்தில், கத்தியை இடுப்பில் செருகிக்கொண்டு, இருளப்பன் புத்தகத்தோடு நின்றார். ராத்திரி தூங்கின முகமாக இல்லை.

"மொதலாளி, நீங்க படிச்சவரு. அழிச்சதத் திரும்பப் படிக்க ஏதாச்சும் வழி இருக்கா? ஒரு வார்த்தை கெடச்சாப் போதும். அவகிட்டக் கொண்டுபோய்க் காட்டிருவேன்."

படித்தவர் என்று என்னைச் சொன்ன ஒரே மனிதர். எனக்கு ஒன்று ஞாபகம் வந்தது. பென்சிலை அழித்தாலும் தாளில் பதிந்த தடம் போகாது. வெயிலில் சாய்த்துப் பிடித்தால் பள்ளம் தெரியும். நான் சொன்னதும் அவர் முகம் மாறிய விதத்தைப் பார்த்திருக்க வேண்டும். மேகம் விலகுகிற வரை இரண்டு பேரும் ரோட்டோரம் நின்றோம். வெயில் வந்தது. புத்தகத்தை விரித்து அப்படியும் இப்படியும் சாய்த்தேன்.

தெரிந்தது. அழித்த தாளில் கோடு கோடாக எழுத்தின் தடம்.

"இதா பாருங்கண்ணா! இருக்குது, இருக்குது!" என்று கத்தியே விட்டேன்.

அவர் குனிந்து பார்த்தார். கண் தாளில் ஒட்டிவிடும் போல அவ்வளவு கிட்டத்தில். பிறகு தலையை ஆட்டினார். "இது அவ எழுத்து இல்ல. முந்தி படிச்ச புள்ளைங்க." அடுத்த பக்கம். "இதுவும் இல்ல." அடுத்தது. எழுதிப் படித்துவிட்டுக் கைமாற்றின பிள்ளைகள் எத்தனையோ பேரின் எழுத்து, ஒன்றின் மேல் ஒன்றாக, வெயிலில் பளிச்சென்று தெரிந்தது. பின்பாதியில் அன்னக்கிளியுடையதும் தெரிந்தது. இருளப்பன் அத்தனையும் தள்ளிக்கொண்டே போனார். மேலே எஸ்டேட்டில் சங்கு ஊதியது. பெரட்டுக்கு, அதாவது காலையில் வேலைக்கு ஆள் எண்ணும் இடத்துக்கு, பேர் கொடுக்க ஓட வேண்டிய நேரம். அவர் நகரவில்லை. கடைசிப் பக்கம்வரை பார்த்துவிட்டுத்தான் புத்தகத்தை மூடி என் கையில் கொடுத்தார்.

"கடையிலயே இருக்கட்டும் மொதலாளி. படிக்கிற புள்ள யாரு வந்து கேட்டாலும் குடுங்க."

"இன்னொருக்காப் பாக்கலாமுங்கண்ணா. மத்தியான வெயில்ல நல்லாத் தெரியும்."

"தெரியாது மொதலாளி" என்றார். "அடுத்த புள்ளைக்குப் பொஸ்தகம் புதுசா இருக்கணும், அழிச்சா தடமே தெரியக் கூடாதுன்னு, அவ அழுத்தியே எழுத மாட்டா."